பெல்லோட்டோவின் படங்களும் வார்சாவின் சுவர்களும்

"போரில் தரைமட்டமான வார்சா நகரை ஓர் ஓவியர் வரைந்த படங்களைப் பார்த்தே திரும்பக் கட்டினார்களாமே, அது உண்மையா? யாழ்ப்பாணத்துக்கோ சென்னைக்கோ அப்படியொரு நிலை வந்தால் நம்மிடம் உள்ள பழைய படங்கள் உதவுமா?" என்று கேட்டிருக்கிறீர்கள். முதல் கேள்விக்கு விடை, பாதி உண்மை என்பதே. கட்டடப் பாதுகாப்பைப் பற்றிப் பேசும் எவரும் இந்தக் கதையைச் சொல்லாமல் இருப்பதில்லை. சென்னையில் பழைய கட்டடங்களைச் சீரமைக்கும் வேலையில் இருக்கும் நானும் பல ஆண்டுகள் இதை மிகைப்படுத்தியே சொல்லி வந்திருக்கிறேன். அந்த மிகை எங்கே தொடங்குகிறது என்பதைப் பார்த்தால், உங்கள் இரண்டாம் கேள்விக்கும் வழி கிடைக்கும்.

அந்த ஓவியரின் பெயர் பெர்னார்டோ பெல்லோட்டோ. வெனிஸ் நகரத்துக் காட்சிகளை வரைந்து புகழ்பெற்ற கனலெட்டோவின் சகோதரி மகன். மாமனிடமே தொழில் பயின்றவர். மாமனின் பெயரையும் தன் கையொப்பத்தில் சேர்த்துக்கொண்டதால், போலந்திலும் ஜெர்மனியிலும் இன்றும் அவரையே கனலெட்டோ என்று அழைக்கிறார்கள். 1747இல் ஜெர்மனியின் ட்ரெஸ்டன் நகருக்குப் போய்ச் சாக்சனி அரசவையின் ஓவியரானார். 1767இல் ரஷ்யாவுக்குச் செல்லும் வழியில் வார்சாவில் தங்கியவரை, கலைகளில் பெருவிருப்பம் கொண்ட போலந்து மன்னர் ஸ்டானிஸ்லாவ் ஆகஸ்ட் நிறுத்திக்கொண்டார். 1780இல் இறக்கும்வரை பெல்லோட்டோ அங்கேயே இருந்து, மன்னருக்காக வார்சாவின் தெருக்களையும் தேவாலயங்களையும் அரண்மனைகளையும் வரைந்தார். அவற்றில் 22 படங்கள் இன்று அரச கோட்டையின் கனலெட்டோ அறையில் தொங்குகின்றன. அந்தப் படங்களின் பயணமே ஒரு தனிக் கதை: சிலவற்றை நெப்போலியன் காலத்தில் பாரிசுக்குக் கொண்டுபோனார்கள், 1830களில் ரஷ்யப் பேரரசர் எடுத்துச் சென்றார், முதல் உலகப் போருக்குப் பின் திரும்பி வந்தவற்றை இரண்டாம் உலகப் போரில் ஜெர்மானியர் கொள்ளையிட்டனர், போர் முடிந்தபின் அவை மீட்கப்பட்டன.

1944 ஆகஸ்டில் வார்சா மக்கள் ஜெர்மானியப் படைக்கு எதிராகக் கிளர்ந்தெழுந்தார்கள். இரண்டு மாதப் போரில் கிளர்ச்சி ஒடுக்கப்பட்டபின், எஞ்சியிருந்த கட்டடங்களைத் தெருத்தெருவாகத் தீ வைத்தும் வெடி வைத்தும் ஜெர்மானியர் அழித்தார்கள். சண்டையின் நடுவே தவறி விழுந்த குண்டுகளின் விளைவன்று இது. நகரம் இல்லாமல் போக வேண்டும் என்று திட்டமிட்டுச் செய்த வேலை. 1945 தொடக்கத்தில் அமைக்கப்பட்ட தலைநகர் மறுகட்டுமான அலுவலகத்தில் யான் ஸஹ்வாதோவிச் என்ற கட்டிடக்கலைஞர் பழஞ்சின்னங்களுக்குப் பொறுப்பேற்றார். அழிக்கப்பட்டது கட்டடங்கள் மட்டுமல்ல, ஓர் இனத்தின் நினைவும்தான், ஆகவே சிதைவுகளைச் சிதைவுகளாகவே பாதுகாக்க வேண்டும் என்ற வழக்கமான கோட்பாட்டை இங்கே கடைப்பிடிக்க இயலாது என்பது அவருடைய வாதம்.

கதையில் மிகை புகுவது இந்த இடத்தில்தான். சுற்றுலாப் பயணி இன்று பார்த்து வியக்கும் பழைய நகரச் சதுக்கத்தைப் பெல்லோட்டோவின் படங்களைக் கொண்டு கட்டவில்லை. அவர் பெரும்பாலும் வரைந்தவை மதிலுக்கு வெளியே விரிந்திருந்த அகன்ற சாலைகள், பிரபுக்களின் மாளிகைகள், ஆற்றங்கரைத் தோற்றங்கள், வில்லானோவ் அரண்மனை போன்றவை. நெருக்கமான வணிகர் வீடுகளைக் கொண்ட பழைய நகரத்துக்கு வேறொரு புதையல் இருந்தது. போருக்கு முன் வார்சா பாலிடெக்னிக்கின் கட்டிடக்கலை மாணவர்கள், பாடத்தின் பகுதியாக, நாடாவும் ஏணியும் எடுத்துக்கொண்டு அந்த வீடுகளை அங்குலம் அங்குலமாக அளந்து வரைபடங்கள் தயாரித்திருந்தார்கள். ஆக்கிரமிப்புக் காலத்தில் ஆசிரியர்கள் அந்த வரைபடங்களை நகரத்திலிருந்து கடத்தி, பியோத்ர்கூவ் என்னும் ஊரின் மடாலயத்தில் ஒளித்து வைத்தார்கள். போர் முடிந்ததும் வெளியே வந்த அந்தத் தாள்களும், எரியாமல் பிழைத்த ஒளிப்படங்களும், மண்ணுக்கடியில் நின்ற நிலவறைச் சுவர்களும்தான் பழைய நகரத்தை மீட்டவை. மாணவர்கள் மதிப்பெண்ணுக்காக வரைந்த தாள்கள் என்பதால் இந்தப் பகுதி யாருக்கும் நினைவில் நிற்பதில்லை. அரசவை ஓவியரின் தைலவண்ணப் படம் என்றால் கேட்பவர் நிமிர்ந்து உட்காருகிறார்.

அப்படியானால் பெல்லோட்டோ எங்கே தேவைப்பட்டார்? கோட்டையிலிருந்து தெற்கு நோக்கிச் செல்லும் பெருந்தெருவில். போலிஷ் மொழியில் அதன் பெயருக்குக் கிராக்கோவ் புறநகர் என்று பொருள். 1939இல் அந்தத் தெரு பெல்லோட்டோ பார்த்த தெருவாக இல்லை. பத்தொன்பதாம் நூற்றாண்டில் வாடகைக்காகப் பல வீடுகளின் மேல் மாடிகள் ஏற்றப்பட்டிருந்தன. கடைகளுக்காக முகப்புகள் உடைத்து மாற்றப்பட்டிருந்தன. திரும்பக் கட்டியவர்கள், போருக்கு முந்தைய நாளின் தெருவுக்குப் போகாமல், 1770களின் தெருவுக்குப் போனார்கள். பின்னர் ஏற்றிய மாடிகள் பல இடங்களில் விடப்பட்டன, கூரைகள் தாழ்ந்தன, முகப்புகள் பழைய எளிமைக்குத் திரும்பின. கோட்டைச் சதுக்கத்தின் அருகே உள்ள 'ஜானின் வீடு' இவ்வாறு படத்தைப் பார்த்து மீட்ட ஒன்று. பிரானிட்ஸ்கி அரண்மனையின் கூரை விளிம்பில் நிற்கும் சிலைகளுக்கும் பெல்லோட்டோவின் படமே ஆதாரம். ஒளிப்படக் கருவி பிறப்பதற்கு முன்னரே மறைந்துபோன உருவத்தைத் தேடினால், ஓவியத்தைத் தவிர வேறு சாட்சி இல்லை. ஒரு கட்டடத்தின் நேற்றைய தோற்றம் போதுமென்றால் ஒளிப்படமும் அளவை வரைபடமும் போதும். அதற்கும் முந்தைய தோற்றம் வேண்டுமென்று யாராவது தீர்மானித்த பிறகுதான் ஓவியம் மேசைக்கு வருகிறது.

ஆகவே, அந்தத் தீர்மானத்தை யார், ஏன் எடுத்தார்கள் என்பதே நான் அழுத்திச் சொல்ல விரும்பும் செய்தி. பத்தொன்பதாம் நூற்றாண்டு போலந்துக்காரர்களுக்கு அடிமைக் காலம். நாட்டை ரஷ்யாவும் பிரஷ்யாவும் ஆஸ்திரியாவும் பங்கிட்டுக்கொண்டிருந்த காலம். ஸ்டானிஸ்லாவ் ஆகஸ்டின் ஆட்சியோ சுதந்திரப் போலந்தின் கடைசி அத்தியாயம். போருக்குப்பின் வந்த கம்யூனிஸ்ட் அரசுக்கு வேறொரு காரணமும் இருந்தது: வாடகை மாளிகைகள் முதலாளிகளின் பேராசைக்குச் சின்னமாகத் தெரிந்தன. தேசியவாதியும் கம்யூனிஸ்டும் ஒரே நூற்றாண்டை வெறுத்தபோது, அந்த நூற்றாண்டுக்கு முன் வரைந்த படங்கள் இருவருக்கும் வசதியாக அமைந்துவிட்டன. போரில் ஓரளவு தப்பி நின்ற பத்தொன்பதாம் நூற்றாண்டுக் கட்டடங்கள்கூட வார்சாவில் இடிக்கப்பட்டன என்பதை இதனோடு சேர்த்துப் பார்க்க வேண்டும்.

பெல்லோட்டோவின் புகழ் மறைத்துவிட்ட இன்னும் துணிச்சலான சான்று புனித யோவான் பேராலயம். போருக்கு முன் அதற்கு இருந்தது பத்தொன்பதாம் நூற்றாண்டில் ஆங்கிலக் கோதிக் பாணியில் அமைத்த முகப்பு. எப்படி இருந்தது என்பதற்கு ஒளிப்படங்கள் ஏராளம். அவற்றைத் தள்ளிவைத்துவிட்டு, பதினேழாம் நூற்றாண்டுப் படங்களில் சிறிய உருவமாகத் தெரியும் கோயிலை ஆதாரமாகக் கொண்டு, இடைக்காலத்தில் இப்படித்தான் இருந்திருக்கும் என்ற ஊகத்தில் செங்கல் முகப்பு ஒன்றை ஸஹ்வாதோவிச் எழுப்பினார். நகரின் பார்பிகன் என்னும் வாயிற்கோட்டையும் 1950களில் பதினேழாம் நூற்றாண்டுச் செதுக்குப் படங்களின் துணையோடுதான் எழுந்தது. செங்கற்களில் ஒரு பகுதி வேறு ஊர்களில் இடித்த பழைய கட்டடங்களிலிருந்து வந்தது. நம் ஊரில் குடமுழுக்கின்போது பழைய கருங்கல் மண்டபத்தை மணல் வீச்சால் தேய்த்துச் 'சோழர் கால அழகை மீட்டோம்' என்று சொல்வதைப் பார்த்துக் கொதிப்பவர்கள், வார்சாவின் பேராலயத்தை மட்டும் கேள்வியின்றிப் புகழ்வது எனக்கு வியப்பளிக்கிறது.

ஓவியத்திலிருந்து கட்டடத்தின் அளவை எடுப்பது எப்படி என்பதையும் சொல்ல வேண்டும். பெல்லோட்டோ கேமரா அப்ஸ்க்யூரா என்னும் இருட்டுப் பெட்டியைப் பயன்படுத்தினார் என்பது பொதுவாக ஏற்கப்பட்ட கருத்து. துளையிலோ வில்லையிலோ நுழையும் ஒளி, எதிரே உள்ள காட்சியைத் தாளின்மேல் விழச் செய்யும். அதைத் தொட்டு வரைந்தால் விகிதங்கள் பெரிதும் பிசகா. ஆனால் விகிதம் வேறு, அளவு வேறு. படத்தில் தெரியும் ஒரு பொருளாவது இன்றும் தரையில் நின்றால்தான், ஒரு தேவாலய வாசலோ தூணோ, அதன் உண்மை உயரத்தைக் கொண்டு பக்கத்து வீட்டின் உயரத்தைக் கணக்கிட முடியும். ஓவியர் நின்ற இடத்தைக் கண்டுபிடித்து, பார்வைக் கோடுகளை நீட்டி, தோண்டியெடுத்த அடித்தளத்தோடு பொருத்திப் பார்க்க வேண்டும். கார்னிஸ் எனப்படும் சுவர்ப்பட்டை எவ்வளவு வெளியே நீண்டிருந்தது என்பதை அதன் நிழலின் நீளம் ஓரளவு காட்டிக்கொடுக்கும்.

பொறிகளும் உண்டு. பெட்டியின் பார்வை குறுகியது. அகன்ற சதுக்கத்தைக் காட்ட வேண்டுமானால் இரண்டு மூன்று இடங்களிலிருந்து வரைந்தவற்றை ஓவியர் ஒட்டியாக வேண்டும், ஒட்டும் இடத்தில் தெரு அகன்றுவிடும். பெல்லோட்டோ மன்னரின் ஊதியத்தில் வாழ்ந்தவர் என்பதால், சில கட்டடங்களை இருந்ததைவிட அழகாக்கியும் வரைந்திருக்கிறார். ஆகவே அவருடைய ஓர் அலங்காரத்தை நம்பிக் கல்லில் செதுக்கும்போது, நூற்றெழுபது ஆண்டுகளுக்குமுன் ஓவியர் ஆசைப்பட்டதை இருபதாம் நூற்றாண்டுக் கொத்தர் நிறைவேற்றி வைக்கிறார் என்றும் ஆகலாம். நிறமோ இன்னும் மோசம். தைலவண்ணத்தின்மேல் பூசும் வார்னிஷ் காலப்போக்கில் மஞ்சளித்துவிடும்; வெள்ளைச் சுண்ணாம்புச் சுவர் காவி கலந்ததுபோல் தோன்றும். படத்தைப் பார்த்து வண்ணம் குழைப்பவர், இடிபாட்டில் கிடைத்த காரைத் துண்டை வைத்துச் சரிபார்க்காவிட்டால் அழுக்கையே நகல் எடுப்பார்.

ஓவியம் முகப்பைத் தவிர வேறொன்றையும் காட்டாது. வார்சாவில் முகப்புக்குப் பின்னால் இருந்ததை மீட்க யாரும் முயலவுமில்லை. பழைய வீடுகளின் பின்கட்டுகளில் அடைந்து கிடந்த இருட்டு முற்றங்களை நீக்கிவிட்டு, காற்றும் வெளிச்சமும் வரும் புதிய குடியிருப்புகளை அமைத்தார்கள். கோட்டைச் சதுக்கத்துக்கு அடியில் குடைந்த சுரங்க வழியாகக் கிழக்கு மேற்கு நெடுஞ்சாலையை 1949இல் திறந்தார்கள். 1953இல் திறக்கப்பட்ட சதுக்கத்து வீடுகளின் சுவர்களில் காணும் சித்திர வேலைப்பாடுகளில் பல, அக்காலக் கலைஞர்கள் புதிதாகச் செய்தவை. வார்சாவின் பழைய நகரம் 1950களில் எழுந்த குடியிருப்புத் திட்டம் என்று சொன்னால் அதில் தவறில்லை, குறையும் இல்லை. 1980இல் யுனெஸ்கோ அதை உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தபோது, பழமைக்காகச் சேர்க்கவில்லை, ஏறக்குறைய முழுமையான மறுகட்டுமானத்துக்கான சான்று என்பதற்காகவே சேர்த்தது.

எதை மீட்டார்கள் என்பதைப் போலவே எதை மீட்கவில்லை என்பதும் கவனிக்க வேண்டியது. போருக்கு முன் வார்சா மக்களில் ஏறத்தாழ மூன்றில் ஒருவர் யூதர். அவர்கள் செறிந்து வாழ்ந்த முரானூவ் பகுதி, 1943இல் யூதர்களை அடைத்து வைத்திருந்த கெட்டோவின் கிளர்ச்சியை ஜெர்மானியர் ஒடுக்கியபின் முற்றிலும் அழிக்கப்பட்டது. த்வோமாட்ஸ்கியே தெருவில் இருந்த பெரிய யூத ஆலயத்தை அவ்வாண்டு மே 16 அன்று வெடி வைத்துத் தகர்த்தார்கள். முரானூவின் தெருக்கள் பெரும்பாலும் பத்தொன்பதாம் நூற்றாண்டு வாடகை வீடுகளால் ஆனவை. மீட்கத் தக்க நூற்றாண்டாக அதை எவரும் கருதவில்லை. மீட்கக் கேட்கவும் அங்கு வாழ்ந்தவர்கள் உயிரோடு இல்லை. அகற்ற முடியாத அளவுக்குக் குவிந்த இடிபாட்டையே மேடாக்கி, அதன்மேல், அந்த இடிபாட்டை நொறுக்கிச் செய்த கட்டிகளையும் சேர்த்து, புதிய குடியிருப்பைக் கட்டினார்கள். இன்றும் அங்கே சில வீடுகளுக்குத் தெருவிலிருந்து படியேறித்தான் போக வேண்டும்.

ட்ரெஸ்டனில் நடந்தது பெல்லோட்டோவின் வாழ்க்கையோடு இன்னும் நெருங்கிப் பின்னியது. 1760இல் பிரஷ்யப் படை அந்நகரைப் பீரங்கியால் தாக்கியபோது திருச்சிலுவை ஆலயம் எரிந்தது. பெல்லோட்டோவின் சொந்த வீடும் அழிந்தது. ஆலயத்தில் எஞ்சிய கோபுரம் 1765இல் பாதி சரிந்து விழ, அந்த இடிபாட்டை, பிளந்து நிற்கும் கோபுரமும் கல் சுமக்கும் ஆட்களுமாக, அவர் ஒரு படமாக வரைந்தார். அழிவதற்கு முன் அதே ஆலயத்தின் முழு உருவத்தையும் அவரே வரைந்திருந்தார். அந்தப் படம் கையில் இருந்தும், பழையபடி கட்டுவோம் என்று நகரத்தார் போகவில்லை. எந்தப் புதிய பாணியில் கட்டலாம் என்றே சண்டையிட்டு, புதிய ஆலயத்தை 1792இல் திறந்தார்கள். ஓவியத்தைப் பார்த்து நகரத்தைத் திரும்பக் கட்டும் எண்ணம் அந்த ஓவியர் காலத்து மனிதர்களுக்கே தோன்றியதில்லை.

1945 பிப்ரவரிக் குண்டுவீச்சில் அழிந்த அதே நகரத்தின் அன்னை மரியாள் ஆலயம், நாற்பது ஆண்டுகளுக்கும் மேலாகக் கற்குவியலாகக் கிடந்தபின், 2005இல் மீண்டும் நின்றது. அதற்கு வரைபடங்களும் ஒளிப்படங்களும் குவியலிலிருந்து எடுத்த கற்களும்தான் ஆதாரம்; கருத்த பழைய கற்கள் வெளிறிய புதியவற்றின் நடுவே இன்றும் தனித்துத் தெரிகின்றன, அந்த நேர்மை எனக்குப் பிடிக்கும். அதைச் சுற்றியுள்ள நொய்மார்க்ட் சதுக்கத்தில்தான் பெல்லோட்டோவின் நிழல் கனமாக விழுந்தது. 1750ஐ ஒட்டி அவர் வரைந்த சதுக்கம் அருங்காட்சியகத்தில் தொங்குகையில், வேறு விதமான சதுக்கத்தை மக்களால் கற்பனை செய்ய முடியவில்லை. கான்கிரீட் உடலுக்குப் பதினெட்டாம் நூற்றாண்டு முகம் போர்த்திய கட்டடங்கள் எழுந்தன. அடியில் கார் நிறுத்துமிடம். வியன்னாவிலோ போரே தேவைப்படவில்லை: பெல்வெடேர் மாளிகையிலிருந்து அவர் வரைந்த நகரத் தோற்றத்தை ஒரு புதிய உயரக் கட்டடம் கெடுக்கும் என்ற வழக்கு வளர்ந்து, 2017இல் நகரமையம் ஆபத்திலுள்ள பாரம்பரியங்களின் பட்டியலுக்குப் போனது.

இனி நம் ஊருக்கு வருகிறேன். புனித ஜார்ஜ் கோட்டையின் பழைய படங்களில் புகழ்பெற்ற ஒன்று, 1730களின் தொடக்கத்தில் கிழக்கிந்தியக் கம்பெனியின் லண்டன் அலுவலகத்துக்காக ஜார்ஜ் லாம்பர்ட்டும் சாமுவேல் ஸ்காட்டும் சேர்ந்து வரைந்தது. இருவரும் இந்தியாவுக்கு வந்ததே இல்லை. கப்பலோட்டிகளின் குறிப்புகளையும் மற்றவர்களின் வரைவுகளையும் வைத்து ஒருவர் நிலத்தையும் மற்றவர் கப்பல்களையும் வரைந்தார்கள். அதைக் கொண்டு ஒரு கொத்தளத்தைக் கட்டப் புறப்பட்டால் லண்டனில் கண்ட கனவைத்தான் கட்டுவோம். 1790களின் தொடக்கத்தில் சென்னைக்கு வந்த தாமஸ் டேனியலும் அவருடைய சகோதரர் மகன் வில்லியமும் நம்பத்தக்கவர்கள்; அவர்களும் இருட்டுப் பெட்டியோடு அலைந்தவர்கள். சிப்பிச் சுண்ணாம்புப் பூச்சின் வழவழப்பு, தூண்களின் பருமன், கோட்டையின் மேற்கு வாயில் ஆகியவற்றுக்கு அவர்களின் அச்சுப் படங்கள் நல்ல சாட்சி. ஆனாலும் அவற்றைக் கையில் எடுத்தவுடன் வார்சாவின் கேள்வி நம்மையும் பிடித்துக்கொள்ளும். சேப்பாக்கம் அரண்மனையை 1700களின் இறுதிக்குத் திருப்புவதென்றால், பிற்காலத்தில் சிஷோம் என்ற கட்டிடக்கலைஞர் இடையில் எழுப்பிய கோபுரம் போக வேண்டும். அந்த அரண்மனையின் பகுதியான கலச மகால் 2012இல் எரிந்தபின் சீரமைத்தபோது அப்படியொரு பேச்சு எழாதது நல்லதே.

யாழ்ப்பாணத்தைப் பொறுத்தவரை, 1981இல் எரிக்கப்பட்ட பொது நூலகம் 1950களில் எழுந்த கட்டடம். அதை மீட்க ஓவியம் தேவைப்படவில்லை. அங்கே இருந்த வாதம் கரிபிடித்த சுவரைச் சாட்சியாக விட்டுவைப்பதா, வெள்ளையடிப்பதா என்பது. 2003இல் திறந்தபோது வெள்ளை நிறமே வென்றிருந்தது. கோட்டைக்கு டச்சுக்காரர்களின் வரைபடங்களும் 1672இல் டச்சுப் பாதிரியார் பால்டியஸ் வெளியிட்ட செதுக்குப் படங்களும் உண்டு. போரில் வேலியோடு போன, நடுமுற்றம் கொண்ட நாற்சார் வீடுகளுக்கோ அப்படி எந்தப் படமும் இல்லை. எந்த அரசவையும் அவற்றை வரையச் சொல்லவில்லை.

சென்னைக்கும் அதே கதிதான். 1746இல் பிரெஞ்சுக்காரர் நகரைப் பிடித்தபோதும், 1758–59 முற்றுகைக்குப் பின்னரும், கோட்டைக்கு வடக்கே ஒட்டியிருந்த பழைய கறுப்பர் பட்டணத்தைப் பீரங்கிக்குத் திறந்தவெளி வேண்டுமென்று இரு தரப்பும் மாறி மாறி இடித்தன. தமிழரும் தெலுங்கரும் வாணிபம் செய்த தெருக்களும் கோயிலும் இருந்த இடம் அது. டேனியல்கள் வரைந்த கறுப்பர் பட்டணம், பின்னால் தள்ளி உருவான புதியது, இன்றைய ஜார்ஜ் டவுன். பழையதன்மேல் இப்போது உயர் நீதிமன்ற வளாகம் நிற்கிறது. அந்தத் தெருக்களை மீட்க எனக்குத் தெரிந்து இருப்பவை சில நிலப்படங்களும், இதற்கு இப்பால் வீடு கட்டக்கூடாது என்று 1773இல் நட்ட எல்லைத் தூண்களில் பாரி முனையில் எஞ்சிய ஒன்றும் மட்டுமே.